என் வானொலி மகன்

எனக்கு இருபத்திரண்டு வயதில் ஒரு மகன் கிடைத்தார். அவருக்கு அப்போது முப்பது. வானொலியில் இதெல்லாம் நடக்கும். அந்த வயதிலேயே என் குரலில் ஒரு கரகரப்பு இருந்தது. குரல் தேர்வில் தயாரிப்பாளர் கண்ணை மூடிக்கொண்டு கேட்டுவிட்டு, “இந்தப் பிள்ளைக்குத் தாய் பாத்திரம் குடுங்க” என்று சொல்லிவிட்டார். அத்தோடு என் இளமை முடிந்தது. என்னைவிட மூத்தவர்கள் எல்லாம் காதலிகளாகக் கொஞ்சிக்கொண்டிருக்க, நான் ஒலிவாங்கிக்கு முன்னால் நின்று, நேரத்தோடு வீட்டுக்கு வா மகனே என்று கெஞ்சிக்கொண்டிருந்தேன்.

அந்த மகன் புத்தளத்துக் கடலோரத்தில் எத்தாளை என்ற ஊர்க்காரர். வாராவாரம் ஒலிபரப்பான தொடர் நாடகம் அது, ஆண்டுக்கணக்கில் ஓடியது. அதில் அவர் தறுதலையாகத் தொடங்கி, திருந்தி, கப்பலேறி, திரும்பி வந்து, கலியாணம் முடித்து, மறுபடியும் தறுதலையானார். எல்லாவற்றுக்கும் நான் அழுதேன். கலையகத்துக்கு வெளியிலும் அவர் என்னை அம்மா என்றுதான் கூப்பிடுவார். சிற்றுண்டிச்சாலையில் அத்தனை பேருக்கும் முன்னால், “அம்மா, எனக்கும் ஒரு பிளேன்டீ சொல்லுங்க” என்பார். வீட்டில் எனக்கு மாப்பிள்ளை பார்த்துக்கொண்டிருந்த காலம். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். “மகன், உங்கட முன்மயிர் கொட்டுது, முதல்ல அதைப் பாருங்க” என்று நானும் விடமாட்டேன்.

நடிப்பில் அவரிடம் யாரும் வாலாட்ட முடியாது. ஒரே நாடகத்தில் நீதவானாகவும் பேசுவார், குற்றவாளியாகவும் பேசுவார். நீதவானுக்குக் குதிகாலை உயர்த்தி நிற்பார். குற்றவாளிக்கு மேல் பொத்தானைக் கழற்றிவிட்டுத் தோளைத் தொங்கப்போடுவார். இதையெல்லாம் வானொலியில் யார் பார்க்கப் போகிறார்கள் என்று கேட்டால், “நான் நிமிராம என்ர குரல் எப்பிடி நிமிரும்?” என்பார். யாழ்ப்பாணத்து வாத்தியார், மலைநாட்டுக் கங்காணி, புத்தளத்து உப்பு வியாபாரி, யாருடைய பேச்சை அவர் வாயில் வைத்தாலும் அந்த ஊர்க்காரர்களே அவரைத் தங்கள் சொந்தக்காரர் என்று நினைத்தார்கள். அவரால் முடியாதது ஒன்றே ஒன்று. கடல் காட்சி வந்தால், அலைச் சத்தத்துக்காக ஒருவர் மூலையில் உட்கார்ந்து ஒரு பேசின் பாத்திரத்தில் தண்ணீரை அளைவார். இவருக்குச் சிரிப்பு வந்துவிடும். “இது கடல் இல்ல, புள்ளைக்குக் குளிக்க வாக்கிற சத்தம்” என்று ஒத்திகையிலேயே சொல்லிவிடுவார். பிறந்ததிலிருந்து நிஜக் கடலைக் கேட்டவர், என்ன செய்வார்.

ஒலிப்பதிவில் அந்தச் சிரிப்பை அடக்குவதுதான் பெரும்பாடு. கலையகத்தில் கண்ணாடித் தடுப்புக்கு மேலே ஒரு சின்னச் சிவப்பு விளக்கு இருந்தது. வெளியே கதவுக்கு மேலேயும் அதேபோல் ஒன்று. அது எரிந்தால் பதிவு நடக்கிறது என்று பொருள். உள்ளே நிற்பவர் இருமக்கூடாது, செருமக்கூடாது, தாளை மாற்றும் சத்தம்கூடக் கேட்கக்கூடாது. தாழ்வாரத்தில் போகிறவர்களும் வாயைத் திறக்காமல், செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு நுனிக்காலில் போவார்கள். கண்ணாடிக்கு அப்பால் தயாரிப்பாளர் கையை உயர்த்தி, நம்மைப் பார்த்து இறக்குவார். அந்தக் கை இறங்கினால்தான் பேச்சு. விளக்கு அணைந்ததும் எல்லோரும் ஒன்றாக இருமுவோம். யாராவது தேத்தண்ணி கேட்பார்கள்.

பிறகு தொலைக்காட்சி வந்தது. குரலைக் கேட்டு ஆறடி ஆளை எதிர்பார்த்திருந்தவர்கள், என் தோளுயரத்தில் ஒரு மெலிந்த மனிதரைப் பார்த்து ஏமாந்தார்கள். பெரிய மனிதர்களின் குரலுக்குச் சொந்தக்காரருக்கு வேலைக்காரன், தபால்காரன், தரகன் என்று பாத்திரங்கள் கிடைத்தன. அவர் சளைக்கவில்லை. தபால்காரனுக்கென்று ஒரு நடையைக் கண்டுபிடித்தார். கொஞ்ச காலம் தெருவில் பிள்ளைகள் அப்படி நடந்து காட்டினார்கள். சிங்களப் படங்களில் காதில் பென்சில் செருகிய கடை முதலாளியானார். யுத்த காலத்துப் படங்களில் சோதனைச் சாவடியில் கையை உயர்த்திக்கொண்டு நின்றார். யுத்தம் முடிந்தபோது தலை முழுக்க நரைத்திருந்தது. புதிதாகப் படமெடுக்க வந்த இளையவர்கள் எல்லோரும் அவரைக் காணாமற்போன பிள்ளைக்காகக் காத்திருக்கும் தகப்பனாக்கினார்கள். “அம்மா, இந்த வருஷமும் ஒரு பிள்ளையத் துலைச்சிட்டன்” என்று தொலைபேசியில் சொல்வார். சிரித்துக்கொண்டுதான் சொல்வார். ஆனால் படப்பிடிப்பு முடிந்தும் அந்தத் தகப்பன்மார் அவரை விட்டுப் போகவில்லை என்று எனக்குத் தோன்றும்.

அவருடைய மனைவி இத்தனை காலமும் எத்தாளையிலேயே இருந்தாள். வெங்காயமும் மிளகாயும் பயிரிட்டு, மகனை வளர்த்து, அவனை இத்தாலிக்கு அனுப்பியவள் அவள்தான். என்னைவிடக் கொஞ்சம் இளையவள், அதனால் நான் அவளுக்கு அக்கா, அவள் எனக்குத் தங்கச்சி. கணவர் கொழும்பிலிருந்து சனிக்கிழமை பஸ்ஸில் வருவார், திங்கட்கிழமை விடியப் போவார். இடையில் இருக்கிற நேரத்தில் குரலுக்கு ஓய்வு. ஒரு கலியாண வீட்டில் அவள் என்னிடம் குறைப்பட்டுக்கொண்டாள். “றேடியோவில ஊர் முழுக்கக் கதைக்கிறார், அக்கா. வீட்டுக்கு வந்தா வாயை அலுமாரியில வெச்சுப் பூட்டிடுவார். கேட்டா, வேலை விட்டு வந்த பிறகு கதைப்பம், உனக்கு எல்லாத்தையும் சேத்து வெச்சிருக்கன் எண்டு சொல்றார்.” அவள் அதை நம்பியிருந்தாள் என்பது சொன்ன விதத்திலேயே தெரிந்தது.

நான் ஓய்வுபெற்று, பிறந்த ஊரான உடப்பில் என் சகோதரியோடு வந்து இருந்துவிட்டேன். அவரும் எத்தாளைக்குத் திரும்பிவிட்டார் என்று கேள்விப்பட்டேன். பிறகு மறதி நோய் என்றும் கேள்விப்பட்டேன். ஒருநாள் காலையில் எத்தாளையிலிருந்து தங்கச்சி தொலைபேசியில் கூப்பிட்டாள்.

“அக்கா, இவர் என்னோட கதைக்கிறார் இல்ல.”

மறதி வந்தால் பேச்சுக் குறையும்தானே என்று ஏதோ ஆறுதல் சொன்னேன்.

“டொக்டரும் அதைத்தான் சொன்னார். ஆனா கேளுங்க. புத்தளத்துக்குக் கூட்டிப் போகேக்க பஸ்ஸில கண்டக்டரோட நல்ல வடிவாக் கதைச்சார். பாலாவிச் சந்தி வந்திட்டா எண்டு கேட்டார், மீன் விலை கேட்டார். வீட்டுக்கு வந்து வாசல்ல கால் வெச்சதோட வாய் மூடிட்டுது. ஊர் ஆக்களோட கதைக்கலாம், என்னோட ஏலாது. நான் என்ன குத்தம் செஞ்சன் எண்டு தெரியல்ல.” பிறகு குரலைத் தாழ்த்தினாள். “உங்களத்தானே அம்மா எண்டு கூப்பிடுவார். ஒருக்கா வந்து கேட்டுச் சொல்லுங்க.”

அந்த வாரமே போனேன். பாலாவியில் திரும்பிய பிறகு அந்தப் பாதையில் எனக்கு எப்போதும் தூக்கம் வரும். இடப் பக்கம் கடல், வலப் பக்கம் அலையில்லாத களப்பு, நடுவில் மணல். வெள்ளைக் காற்றாடிக் கோபுரங்கள் அவசரமில்லாமல் சுற்றிக்கொண்டிருந்தன. ஆலங்குடாப் பக்கம் வெள்ளைக்காரர்கள் அலைமேல் சறுக்குவதற்கு விட்ட பெரிய பட்டங்கள், நூலும் ஆளும் தெரியாமல், சிவப்பும் மஞ்சளுமாக வானத்தில் நின்றன. கண் சொருகியது. பாதித் தூக்கத்தில் பழைய குரல்கள் வந்தன. இறந்துபோன தயாரிப்பாளர், மூக்கால் கொஞ்சிய காதலி, பேசினில் தண்ணீர் அளைந்தவர், எல்லோரும் என் இருக்கைக்குப் பின்னால் ஒத்திகை பார்த்தார்கள். யாரோ அம்மா என்றார்கள். நான் ஓம் மகன் என்றேன். பக்கத்தில் இருந்த பெண் என்னை ஒரு மாதிரிப் பார்த்ததில்தான் விழித்தேன்.

வீடு தெருவிலிருந்து உள்ளே தள்ளி இருந்தது. முற்றமெல்லாம் மணல், பின்னால் ஒரு கஜு மரம், அதற்கப்பால் கிணறு. முன்கூடத்தில் வெள்ளைச் சட்டையும் சாரமும் உடுத்து அவர் கதிரையில் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார். என்னைக் கண்டதும் அவர் முகம் மலர்ந்தது. எழுந்தார். வாய் திறக்கப் போகிறார் என்று நினைத்தேன். திறக்கவில்லை. விரலை உதட்டில் வைத்து, தலையை ஆட்டி, பக்கத்துக் கதிரையைச் சத்தமில்லாமல் தூக்கி எனக்கு வைத்தார்.

“பாத்தீங்களா?” என்றாள் தங்கச்சி. “நான் வாய் திறந்தாலும் இப்பிடித்தான். பேசாத எண்டு விரல் வைக்கிறார்.” அவள் கண்கள் கலங்கவில்லை. அழுது முடித்த கண்கள் அவை.

நான் அவரைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். மடியில் பழைய நாட்காட்டித் தாள்கள் கொஞ்சம் இருந்தன. ஒன்றை எடுத்து முகத்துக்கு நேரே பிடிப்பார், பிறகு அதை மெதுவாகப் பக்கத்தில் வைப்பார், தாள் சரசரக்காமல். குசினியில் ஒரு மூடி விழுந்தது. புருவத்தைச் சுருக்கிக் குசினிப் பக்கம் திரும்பினார். கொஞ்ச நேரத்தில் அவருக்கு இருமல் வந்தது. நெஞ்சை அழுத்திப் பிடித்தார், கண்ணில் தண்ணீர் கட்டியது, ஆனால் இருமவில்லை. எழுந்து செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு, நுனிக்காலில் நடந்து பின்கதவால் வெளியே போனார். கஜு மரத்தையும் கிணற்றையும் தாண்டிய பிறகுதான் இருமல் சத்தம் கேட்டது. முதலில் எனக்குச் சிரிப்பு வந்தது. அடுத்த கணம் அது நின்றுவிட்டது. இந்த நடையை நான் எத்தனை ஆண்டு தாழ்வாரத்தில் பார்த்திருக்கிறேன்.

திரும்பி வந்து உட்கார்ந்ததும் அவர் கண்கள் சுவருக்குப் போயின. நானும் பார்த்தேன். கத்தோலிக்கக் குடும்பம், எந்த வீட்டிலும் இருப்பதுபோல் திருஇருதய ஆண்டவர் படம். படத்துக்குக் கீழே, விரல் நுனியளவில், ஒரு சிவப்பு மின்விளக்கு எரிந்துகொண்டிருந்தது.

என் மகன் ஒலிப்பதிவில் நின்றுகொண்டிருந்தார்.

யோசிக்காமல் எழுந்து படத்துக்கு அருகில் போய் நின்றேன். அவரைப் பார்த்துக் கையை உயர்த்தினேன். அவர் நிமிர்ந்தார். கையை இறக்கினேன்.

“அம்மா, கப்பல் நாளைக்குக் காலமை போகுது. கோவிக்காம என்னை அனுப்பி வையுங்க.”

முப்பது வயதுக் குரல். ஒரு கீறல் இல்லை. அந்தத் தொடரில் அவர் கப்பலேறுவதற்கு முந்திய காட்சி அது. எனக்கு வசனம் ஞாபகம் இல்லை என்றுதான் நினைத்தேன், ஆனால் வாய் தானாகப் பேசியது. போகிற இடத்தில் சாப்பிடாமல் கிடக்காதே மகனே என்றேன். அவர் சிரித்தார், சமாளித்தார், பிறகு குரல் உடைந்து என் காலைத் தொட்டார். கூடம், மணல், வெயில் எல்லாம் எங்கேயோ போய்விட்டன. நாங்கள் அந்த ஜன்னலில்லாத அறையில் ஒரே ஒலிவாங்கிக்கு முன்னால் நின்றோம். மறைக்க என்ன இருக்கிறது, எனக்கு அவ்வளவு சந்தோஷமாக இருந்தது. இப்படி இன்னும் ஒரு நாடகம் கிடைத்தால் போதும் என்று இருந்தது.

அப்போதுதான் குசினி வாசலில் தங்கச்சியைக் கண்டேன். கையில் தேத்தண்ணித் தட்டு. அதை மேசையில் வைத்துவிட்டு உள்ளே போய்விட்டாள்.

நான் பின்னால் போனேன். அவள் அடுப்புக்கு முதுகு காட்டி நின்றாள்.

“உங்களோட கதைக்கிறார்” என்றாள்.

“என்னோட இல்ல, தங்கச்சி. நாடகத்துல வாற ஒரு கிழவியோட.” பிறகு விளக்கைப் பற்றிச் சொன்னேன். கலையகம், கண்ணாடி, கதவுக்கு மேல் எரிவது, கை இறங்குவது, எல்லாவற்றையும் ஒழுங்காகச் சொன்னேன். மறதி மறதிதான், அதை யாரும் மாற்ற முடியாது. ஆனால் இந்த வீட்டில் அவர் வாய் திறக்காததற்குக் காரணம் அந்த விளக்கு என்றேன். இந்த வீட்டுக்குள் எங்கே நின்றாலும் பதிவு நடக்கிறது என்றுதான் அவர் நினைக்கிறார்.

அவள் மெதுவாகத் திரும்பினாள். “அப்ப என்னோட கோவமில்லையா?”

“இல்ல.”

பலகைக் கட்டையில் உட்கார்ந்து, முகத்தைச் சேலைத் தலைப்பால் மூடிக்கொண்டாள். இந்த முறை அழுதாள். அழுது முடித்துச் சொன்னாள்: “அக்கா, அந்த விளக்கு நேத்தி. இவருக்குப் பேச்சுத் தடுமாறத் தொடங்கினாப் போல வெச்சன். இந்த வீட்டுல இவர் வாய் திறந்து நல்லாக் கதைக்கிற வரைக்கும் அணைக்க மாட்டன் எண்டு ஆண்டவருக்கு வாக்குக் குடுத்திருக்கன். கரண்ட் போனாலும் எரியட்டும் எண்டு மகன் வந்த நேரம் பேட்டரி பூட்டித் தந்தான்.”

அவர் பேச வேண்டும் என்று இவள் ஏற்றிய விளக்கு, அவரைப் பேசாமல் நிறுத்தி வைத்திருக்கிறது. அணைத்துவிடு என்று சொல்ல என் நா எழவில்லை. ஆடியில் தீ மிதிக்கும் ஊரில் பிறந்தவள் நான். நேர்த்தி வைத்தவர்களிடம் அதை விடு என்று எங்கள் பக்கத்தில் யாரும் சொல்லமாட்டார்கள்.

அவள் முகத்தைத் துடைத்துக்கொண்டு எழுந்து கூடத்துக்குப் போனாள். படத்துக்கு முன்னால் நின்று, வீட்டுக்கு வந்த உறவினரிடம் நியாயம் பேசுவதுபோல் பேசினாள். கணவர் விரலை உதட்டில் வைத்தார். அவள் கவனிக்கவில்லை.

“ஆண்டவரே, இந்த வீட்டுல இவர் வாய் திறந்து கதைக்கிற வரைக்கும் எண்டுதான் சொன்னன். ஆரோட எண்டு நான் சொல்லல்ல. இப்ப கதைச்சிட்டார். இந்த அக்கா சாட்சி.” என்னைத் திரும்பிப் பார்த்தாள்.

“ஓம்” என்றேன். வேற்றுச் சாமிக்கு நான் சொன்ன முதல் சாட்சி அது.

சிலுவை அடையாளம் போட்டுக்கொண்டு சுவிட்சில் கை வைத்தாள். ஆனால் கை அசையவில்லை.

“அக்கா, நோய் எண்டு நினைச்சன், கோவம் எண்டு நினைச்சன், இப்ப விளக்கு எண்டு சொல்றீங்க. இது அணைஞ்சும் என்னோட கதைக்காட்டி, நான் பிறகு என்னத்த நினைக்கிறது?”

நான் அவள் தோளில் கை வைத்தேன். அவள் விளக்கை அணைத்தாள்.

அவர் அண்ணாந்து பார்த்தார். தோள்கள் இறங்கின. பிறகு இருமினார், நெஞ்சில் கிடந்ததையெல்லாம் வெளியே கொண்டுவருகிற மாதிரி, ஆசை தீர. செருமினார். பழக்கத்தில் நானும் கூட இருமினேன். காலை நீட்டி, கழுத்தை இப்படியும் அப்படியும் திருப்பிக்கொண்டு, “தேத்தண்ணி இருக்கா?” என்று பொதுவாகக் கேட்டார். அந்தக் குரலை நான் கேட்டு நாளாகியிருந்தது. எந்தப் பாத்திரத்துக்கும் கொடுக்காத, சாதாரணமான, கொஞ்சம் கட்டைக் குரல்.

தங்கச்சி கோப்பையை எடுத்துக் கையில் கொடுத்தாள். ஆறிப்போயிருந்தது, அவர் குடித்தார். குடித்துவிட்டு அவளைப் பார்த்தார். புதிதாக வந்த ஒரு கலைஞரைப் பார்ப்பதுபோல் மரியாதையாகப் பார்த்தார்.

“நீங்க எந்த நாடகத்துக்கு வந்திருக்கிறீங்க?”

நான் கண்ணை மூடிக்கொண்டேன். இதற்கு அந்த விளக்கு எரிந்துகொண்டே இருந்திருக்கலாம் என்று நினைத்தேன். எரிந்திருந்தால், விளக்கால்தான் அவர் பேசவில்லை என்று நினைக்கவாவது அவளுக்கு ஒரு வழி இருந்திருக்கும்.

ஆனால் அவள் கலங்கவில்லை. சேலையில் கையைத் துடைத்துக்கொண்டாள்.

“நான் நாடகத்துக்கு வரல்ல. நான் வீட்டு ஆள்.”

“வீட்டு ஆளா?” அவர் யோசித்தார். அவர் முகத்தில் பெரிய ஆறுதல் ஒன்று வந்தது. “நல்லதாப் போச்சு. எனக்கு இண்டைக்கு வேலை முடிஞ்சுது. என்னை வீட்ட கூட்டிட்டுப் போறீங்களா? அங்க ஒராள் கனகாலமாப் பாத்துக்கொண்டு இருக்கிறா. அவவுக்குச் சொல்ல நிறையக் கதை இருக்கு.”

தங்கச்சி என்னைப் பார்க்கவில்லை. “ஓம், வாங்க போவம்” என்று அவர் கையைப் பிடித்தாள். இருவரும் பின்கதவால் இறங்கினார்கள். நான் ஜன்னலுக்குப் போனேன். கஜு மரத்தைச் சுற்றி, கிணற்றடியைத் தாண்டி, வேலியோரமாக, மணலில் கால் புதையப் புதைய அவள் அவரை மெதுவாக நடத்திக்கொண்டு போனாள். அவர் ஒருதரம் நின்று கடல் பக்கம் காது கொடுத்தார். அவளும் நின்றாள். பிறகு முற்றத்தைச் சுற்றி முன்வாசலுக்கு வந்தார்கள்.

“வந்திட்டம்” என்றாள்.

அவர் செருப்பைக் கழற்றி வைத்தார். அதே கதிரையில் உட்கார்ந்து, “ஆ, இனிச் சொல்றன் கேள்” என்று தொடங்கினார். “கொழும்பில இண்டைக்கு என்ன நடந்தது தெரியுமா?”

“சொல்லுங்க” என்று சொல்லி, தங்கச்சி தன் கதிரையை அவர் பக்கத்தில் இழுத்துப் போட்டுக்கொண்டாள்.